காக்கா ஆழியை அள்ளும் முன்: ஒரு திறந்த மடல்

நீர்வளத் துறை, மீன்வளத் துறை அதிகாரிகளுக்கும் எண்ணூர், காட்டுப்பள்ளித் துறைமுக நிர்வாகத்தினருக்கும்,

வணக்கம்.

எண்ணூர்க் கழிமுகத்திலும் பழவேற்காட்டுப் பக்கமும் படர்ந்துள்ள காக்கா ஆழி என்ற அந்நியச் சிப்பியின் விவகாரம் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் வரை போய்விட்டது. அதை அள்ளத்தான் வேண்டும். ஆனால் அள்ளும் முறையும் கொட்டும் இடமும் தப்பாகிவிட்டால், அரசுப் பணத்திலேயே அதை நாம் பரப்பியதாகிவிடும்.

மைட்டெல்லா ஸ்டிரிகேட்டா என்ற இந்தச் சிப்பியின் பூர்விகம் தென், நடு அமெரிக்கக் கரைகள். 2014இல் மணிலா விரிகுடா, 2016இல் சிங்கப்பூர், பிறகு கொச்சி என்று கப்பல் போகும் வழியிலேயே தென்பட்டது. கேரளத்தின் அஷ்டமுடிக் காயலில் மட்டி விளைந்த திட்டுகளையே பிடித்துக்கொண்டது.

பெரும்பாலானவை இரண்டு மூன்று சென்டிமீட்டர்தான். ஒன்றேகால் சென்டிமீட்டரிலேயே இனப்பெருக்கத்துக்குத் தயாராகிவிடும். உப்பு மெல்ல மாறினால் ஆயிரத்துக்கு 2 பங்கிலிருந்து 40 வரை தாங்கும். அதனால் மழை வெள்ளம் வந்து ஒழித்துவிடும் என்று காத்திருக்க முடியாது. நூல் விட்டு ஒன்றோடொன்று பின்னி, சேற்றின் மேல் பாய் விரித்ததுபோல் மூடிவிடும். அதன் கழிவும் வண்டலும் இடுக்குகளில் சேர, அடிச் சேறு காற்றில்லாமல் கறுத்து நாறும். இறால் புதைய இடமில்லை, மஞ்சள் மட்டிக்கு மூச்சில்லை. பறி என்ற ஓலைக்கூடையைப் பல்லால் கடித்துக்கொண்டு கையால் தடவி இறால் பிடிப்பவர்களின் விரல்களை ஓட்டின் விளிம்பு கிழிக்கும்.

இப்போது அள்ளும் வேலைக்கு வருவோம். பொக்லைன் வாளி கொத்தும்போது கொத்துகள் உடையும். உடைந்த துண்டு ஓட்டத்தில் போய் வேறிடத்தில் மறுபடி நூல் விட்டு ஒட்டிக்கொள்ளும். ஆகவே வேலை நடக்கும் இடத்துக்கு இருபுறமும் அடிவரை தொங்கும் சிறுகண் வலைத் திரை வேண்டும், வெள்ளமும் வற்றமும், அதாவது கடல்நீரின் ஏற்றமும் இறக்கமும், மாறி மாறி இழுப்பதால். வற்றம் வேகமாக இழுக்கும் நேரத்தில் கொத்தவே கூடாது. வடகிழக்குப் பருவமழைக்கு முந்தைய வாரங்களும் ஆகாது: கலைத்துவிட்டதை ஆற்று வெள்ளம் அள்ளிக்கொண்டு போய்விடும். மழை வடிந்த பின், தை மாசியில் தொடங்குவதே எங்கள் யோசனை. அங்கொரு திட்டு, இங்கொரு திட்டு என்று சுரண்டாமல், பாலத்துக்குப் பாலம் ஒரே நீளமாக முடிக்க வேண்டும். மிச்சம் விட்ட திட்டுதான் அடுத்த முட்டைக் கிடங்கு. பாலத் தூண், படகுத்துறை, அனல்மின் நிலையங்களின் குளிர்நீர்க் கால்வாய் ஆகியவற்றையும் விடக்கூடாது. 1986இல் புளோரிடாவின் ஜாக்சன்வில்லில் இது முதலில் பிடிபட்டதே ஒரு மின்நிலையத்தின் நீரெடுப்புக் குழாயில்தான். பிறகு காணாமல் போனது. 2004இல் அதே மாநிலத்தில் வேறொரு காயலில் தலைகாட்டியது.

கரையில் குவித்தால் போதாது. குவியலின் உள்ளே ஈரம் நிற்கும்; சிப்பி தன் ஓடுகளை மூடிக்கொண்டு பல நாள் உயிரோடிருக்கும். கடல் ஏற்றத்தின் பெருநீர் ஏறாத மேட்டில் ஒரு சாணுக்கு மிகாமல் பரப்பி, தினம் கிளறிக் காய வையுங்கள். எண்ணூர்ச் சேற்றில் சாம்பலும் கன உலோகமும் இருப்பதால், ஆய்வகத்தில் சோதிக்காமல் கோழித் தீவனத்துக்கோ உரத்துக்கோ கொடுக்காதீர்கள்.

மருந்து தெளிக்கலாம் என்று யாராவது சொன்னால், ஆஸ்திரேலியாவின் டார்வினைக் காட்டுவார்கள். 1999இல் அங்கே இதைப்போலவே படரும் கறுப்புவரிச் சிப்பியைக் குளோரினும் மயில்துத்தமும் போட்டு ஒழித்தது உண்மை. ஆனால் அவை மதகு வைத்த படகுத்துறைகள். கதவை மூடிவிட்டு ஊற்றினார்கள். எண்ணூரில் கடலைச் சேரும் கொசஸ்தலையாற்றுக்கு ஏது கதவு?

துறைமுகத்தாரிடம் ஒரு கேள்வி. கப்பல் சமநிலைக்காக ஏற்றி வரும் பேலஸ்ட் நீரைச் சுத்திகரித்து வெளியேற்றினால், 50 மைக்ரானுக்கு மேற்பட்ட உயிரிகள் ஒரு கன மீட்டரில் பத்துக்குக் குறைவாக இருக்க வேண்டும் என்பது 2017இல் நடைமுறைக்கு வந்த சர்வதேச உடன்படிக்கையின் அளவு. உங்கள் துறைமுகத்தில் நிற்கும் கப்பல்களில் எத்தனைக்கு மாதிரி எடுத்துப் பார்க்கிறீர்கள்? கப்பல் அடியில் ஒட்டியதைத் தண்ணீரிலேயே சுரண்டி விடுவதற்கு அனுமதி உண்டா?

கடைசியாகக் கூலி. டன் கணக்கில் ஒப்பந்தம் போட்டால் சேறும் எடையில் சேரும். அடர்த்தியான இடத்தை அள்ளிவிட்டுச் சிதறலை விட்டுவிடுவார்கள். சுத்தமான பரப்பளவுக்குப் பணம் கொடுங்கள், அந்த வேலையை உள்ளூர் மீனவர்களுக்கே கொடுங்கள். முடித்த இடங்களில் 15 சென்டிமீட்டர் சதுர ஓடுகளைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டு மாதம் ஒருமுறை தூக்கிப் பார்க்க வேண்டும். ஒட்டியிருக்கும் குஞ்சு முற்றுவதற்குள் தெரிந்தால்தான் அடுத்த சுற்று வேலை சிறியதாக இருக்கும். அந்தக் கணக்கை ஊர்ப் பஞ்சாயத்துப் பலகையிலும் ஒட்டுங்கள்.

இப்படிக்கு,
கழிமுகச் சூழலியலில் பணிபுரிவோர்