மூன்று ஞாயிறாகப் போன் இல்லை

அன்புள்ள மீனாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். மூன்று ஞாயிறாக உன் போன் இல்லை. வேலை இருக்கும். குட்டிக்குச் சளி விட்டதா? குல்லா போடாமல் வெளியே தூக்காதே.

வேலையை எழுதிக் கொடுத்துவிட்டாயென்று மாப்பிள்ளை அம்மாவிடம் சொன்னாராம். அதைக் கேட்க நான் எழுதவில்லை.

உன் பிரசவத்துக்கு வந்திருந்தபோது 'டாக்டர் ஹூ'ன்னு பழைய கறுப்பு வெள்ளை டி.வி. தொடர், காலத்தில் முன்னும் பின்னும் போய்வருகிற கதை, போட்டுக் காட்டினாயே, அதில் வந்த பார்பரா டீச்சர் ஞாபகத்திலேயே நிற்கிறாள். நடித்தவள் ஜாக்குலின் ஹில். சரித்திர டீச்சர் என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்தேன், நானும் அதைத்தானே முப்பது வருஷம் நடத்தினேன். பழைய மெக்சிகோவின் அஸ்டெக் ஜனங்கள் அவளைச் சாமியென்று நம்புவார்கள். அதை வைத்து நரபலியை நிறுத்தப் பார்ப்பாள். நடந்ததை மாற்ற முடியாதென்று அந்த டாக்டர் கிழவர் கத்துவார். கிழவர் கட்சிதான் நானும்.

அந்த ஜாக்குலின் உங்கள் பர்மிங்காம்காரி, 1929-ல் பிறந்தவள். தாய் தகப்பனை இழந்து, பதினாலு வயதில் கேட்பரி கம்பெனியில் வேலை. அங்கிருந்து லண்டன் ராடா நாடகப் பள்ளி. 1957-ல் ஒரு பிபிசி நாடகத்தில் குத்துச்சண்டைக்காரனாக நடிக்கவிருந்த ஹாலிவுட் நடிகர் ஜாக் பேலன்ஸ் வரவில்லை. ஷான் கானரியைப் போடுங்கள், பெண்களுக்குப் பிடிக்கும் என்று டைரக்டர் ஆல்வின் ராக்காஃபிடம் சொன்னது இவள்தான். பின்னால் ஜேம்ஸ் பாண்டாக வந்தாரே, அவர்தான். அப்போது கானரியை யாருக்குத் தெரியும்! மறுவருஷம் அந்த டைரக்டரையே கட்டிக்கொண்டாள். 1965-ல் டாக்டர் ஹூவை விட்டாள், பிள்ளைகளுக்காக நடிப்பையும் விட்டாள். திரும்பி வந்தது 1978-ல், 'ரோமியோ ஜூலியட்' நாடகத்தில் ஜூலியட்டுக்கு அம்மாவாக. டைரக்டர் புருஷன்தான். 1993-ல் புற்றுநோயில் போய்விட்டாள், 63 வயது.

இடையில் பதிமூன்று வருஷம். உனக்குத் தெரியாதது இல்லை, நீ கெட்டிக்காரி. பெரியத்தை வாயையே அடைத்து வேலைக்குப் போனவள். அப்படிப்பட்டவள் அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். குல்லா போடு.

அம்மா ரேடியோ நாடகத்துக்குப் போனதை நீ பிறந்ததும் அவளே விட்டுவிட்டாள் என்றுதானே உன்னிடம் சொல்லியிருக்கிறேன்? அவள் விடவில்லை. உனக்கு ஏழு மாசம். அவள் உன்னைத் தூக்கிக்கொண்டு ஆச்சி வீட்டுக்குப் போயிருந்தாள். ரேடியோ ஸ்டேஷனிலிருந்து அவளைக் கூப்பிட்டுக் கடிதம் வந்தது. இனி வர இயலாதென்று நானே ஒரு கார்டு எழுதி, அவள் பெயரைப் போட்டுத் தபால் பெட்டியில் சேர்த்தேன். வந்த கடிதத்தை வெந்நீர் அடுப்பில் வைத்தேன். அவர்கள் தன்னைக் கூப்பிடவே இல்லையென்று இன்றுவரை நினைத்துக்கொண்டிருக்கிறாள்.

நேற்று இந்த ஜாக்குலின் கதையை அவளிடம் சொன்னேன். கீரை ஆய்ந்துகொண்டே கேட்டாள்: "அத்தனை வருஷம் கழிச்சு அவளை யாரு கூப்பிட்டாங்க?"

புருஷன் என்று சொல்ல வாய் வரவில்லை.

இந்த ஞாயிறு போன் பண்ணு. அம்மா கோயிலுக்குப் போகும் நேரமாகப் பார்த்துப் பண்ணு.

அப்பா