தொப்பூர் இறக்கத்தில் ஏமாறும் கண்

ஆசிரியருக்கு வணக்கம்.

தருமபுரி–சேலம் நெடுஞ்சாலையில் உள்ள தொப்பூர் கணவாயில் லாரி கவிழ்ந்தால் பிரேக்கைத்தான் குறை சொல்கிறோம். கண்ணும் ஏமாறுகிறது. செங்குத்தான இறக்கத்தை அடுத்துச் சரிவு சற்றுக் குறைந்தாலே அந்த இடம் சமதளமாக, சில சமயம் மேடாகக்கூடத் தெரியும். மலை அடிவானத்தை மறைப்பதால் மூளைக்கு ஒப்பிட வேறு கோடு கிடையாது. இறக்கம் முடிந்தது என்று நினைத்து, லோடு வண்டியை நியூட்ரலில் விட்டால் இன்ஜின் பிடிப்பு போய்விடும். பாரம் முழுவதும் பிரேக்கில் இறங்கி, டிரம் சூடேறிப் பிடிக்காமல் போகும். தருமபுரியிலிருந்து வேகமாகவே வந்து பழகிய கண்ணுக்கு வேகமும் குறைவாகத்தான் தோன்றும்.

சாலையில் குறுக்காகப் போடும் வெள்ளைக் கோடுகளைச் சம இடைவெளியில் போடாமல், வளைவை நெருங்க நெருங்க இடைவெளியைக் குறைத்துப் போடுங்கள். அதே வேகத்தில் வந்தாலும் வண்டி வேகமெடுப்பதுபோல் தோன்றி, கால் தானாக பிரேக்குக்குப் போகும். இரவில் தெரிய, பெயின்ட்டில் கண்ணாடி மணி தூவுவது அவசியம். 'இறக்கம் இன்னும் முடியவில்லை' என்ற பலகையை, சமதளம்போல் தெரியும் அந்த இடத்திலேயே நட வேண்டும்.

- ஒரு வாசகர், நல்லம்பள்ளி, தருமபுரி மாவட்டம்