மணிமேகலை இல்லாத 'பொன்னியின் செல்வன்'

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு, வணக்கம்.

விடுமுறைக்கு வந்த என் பேத்தி, புத்தகக் கண்காட்சியில் வாங்கிய 'பொன்னியின் செல்வ'னைக் கையோடு கொண்டுவந்திருந்தாள். ஒரே புத்தகம், 400 பக்கம்கூட இராது. இரண்டே நாளில் முடித்துவிட்டாள். "மணிமேகலையை நினைச்சாத்தான் மனசு கனக்குது, இல்லையா?" என்று கேட்டேன். "அது யாரு அம்மாச்சி? இதுல அப்படி யாருமே இல்லையே" என்றாள்.

வாங்கிப் புரட்டினேன். அவள் சொன்னது சரிதான். அட்டையில் சினிமாக் காட்சி, கீழே கல்கியின் பெயர். உள்ளே ஐந்து பாகங்களையும் பிழிந்தெடுத்த கதைச் சுருக்கம். சுருக்கம் என்று அட்டையிலும் இல்லை, முதல் பக்கத்திலும் இல்லை.

மணிரத்னத்தின் படத்திலும் மணிமேகலை கிடையாது. அதில் எனக்கு வருத்தம் உண்டு, கோபம் இல்லை. 'கல்கி' இதழில் மூன்றரை ஆண்டு வாராவாரம் வந்த கதையை 2022, 2023இல் வந்த இரண்டு படங்களுக்குள் அடக்கும்போது எதையாவது விட்டுத்தான் ஆகவேண்டும். கல்கிக்குச் சினிமா அந்நியமும் அல்ல. 1939இல் 'தியாக பூமி' ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது, ஓவியங்களுக்குப் பதிலாகப் படக் காட்சிகளையே அச்சிட்டார்கள். அவர் மறைந்த மறு ஆண்டு 'கள்வனின் காதலி' திரைக்கு வந்தது, 1960இல் 'பார்த்திபன் கனவு'. அதனால் அட்டைப் படத்தைப் பற்றி எனக்குக் குறையில்லை. படம் பார்த்துவிட்டு ஆசையோடு புத்தகம் தேடி வரும் பிள்ளைக்கு முழுக் கதை கிடைக்கவில்லையே என்பதுதான் ஆற்றாமை.

மணிமேகலை கடம்பூர் சம்புவரையர் மகள், கந்தமாறனின் தங்கை. பட்டத்து இளவரசன் ஆதித்த கரிகாலன் கொலைப் பழி வந்தியத்தேவன் தலையில் விழும்போது, கொன்றது நான்தான் என்று அதைத் தன்மேல் போட்டுக்கொள்கிறாள். அவள் நேசித்த அவன் மனமோ இளவரசி குந்தவையிடம் இருக்கிறது. சித்தம் கலங்கிப்போன அந்தப் பெண் கடைசியில் அவன் மடியில் உயிரை விடுகிறாள். 'மலர் உதிர்ந்தது' என்று அந்த அத்தியாயத்துக்குப் பெயர். மகுடாபிஷேகத்தோடு கதையை நிறுத்தியிருக்கலாம். கல்கி இவளுடைய சாவில்தான் கொண்டுபோய் நிறுத்தினார். என் அம்மா வாரா வாரம் இதழிலிருந்து பிரித்தெடுத்துக் கோணி ஊசியால் தைத்து வைத்த தொகுப்பு இன்னும் என்னிடம் இருக்கிறது. மணியத்தின் ஓவியங்களோடு, பின்பக்க விளம்பரங்களோடு. அந்தக் கடைசி அத்தியாயத்தின் ஓரம் மட்டும் விரல் பட்டுப் பட்டு மற்றதைவிடக் கறுத்துக் கிடக்கும்.

கல்கியின் எழுத்துகள் 1999இல் நாட்டுடைமை ஆயின. யாரும் அச்சிடலாம் என்பதால்தான் இன்று எளியவர்களும் குறைந்த விலைக்கு வாங்கிப் படிக்கிறார்கள், அது பெரிய நன்மை. சுருக்கிப் போடுவதையும் நான் தடுக்கச் சொல்லவில்லை. 'சுருக்கப் பதிப்பு' என்று கல்கியின் பெயருக்குப் பக்கத்திலேயே, அதே அளவு எழுத்தில், சுருக்கியவர் பெயரோடு அச்சிடட்டும். கண்காட்சி நடத்துபவர்கள் இதைப் பதிப்பாளர்களிடம் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். தங்கள் நூல் அறிமுகப் பகுதியிலும் இனி ஒவ்வொரு மறுபதிப்பைப் பற்றி எழுதும்போதும், முழுமையானதா சுருக்கியதா என்று ஒரு வரி சேர்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
மயிலாடுதுறை.