அந்த வீட்டுக் கூடத்தையும் எழுது, தம்பி

அன்புள்ள தம்பிக்கு,

நீ அனுப்பிய கடத்தல் தொடர்கதையின் முதல் மூன்று பாகங்களையும் நேற்று ராத்திரியே உட்கார்ந்து படித்துவிட்டேன். நம்ம கிருஷ்ணகிரி மாங்கூழ் ஆலை முதலாளி ஆர்டர் பேச ஏமன் போகிறார், ஹோட்டலிலிருந்து கிளம்பிய கார் திரும்பி வரவில்லை. அருமையான ஆரம்பம். பெங்களூரா மாம்பழம் கூழாகி, ட்ரம்மில் அடைபட்டு அரபு நாடுகளுக்குக் கப்பல் ஏறுவது இங்கே எல்லோருக்கும் தெரியும். அதில் ஒரு கதை இருப்பது உனக்குத்தான் தெரிந்திருக்கிறது.

ஆனால் இரண்டாம் பாகத்திலிருந்து துப்பாக்கியும் ஜீப் துரத்தலும்தான். அவர் மனைவி இரண்டு இடத்தில் அழுகிறார், அப்புறம் காணவே காணோம். எனக்கு மனசு ஒப்பவில்லை.

2000 ஜூலை 30 அன்று காஜனூர் வீட்டிலிருந்து வீரப்பன் கன்னட நடிகர் ராஜ்குமாரைக் கடத்திக்கொண்டுபோனபோது நீ கைக்குழந்தை. 108 நாள். காட்டிலிருந்து கேசட் வரும், தூது போன நக்கீரன் கோபால் திரும்பி வருவார், மறுபடியும் போவார். சித்தப்பா அப்போது பெங்களூரில் இருந்தார், அங்கே தமிழர்கள் மேல் கோபம் திரும்புமோ என்று எங்களுக்குப் பயம். அம்மா ராத்திரி ரேடியோ செய்தி முடிந்த பிறகுதான் தட்டில் கை வைப்பாள். காட்டை நாங்கள் யாரும் பார்க்கவில்லை. பயம் முழுக்க அந்த ரேடியோப் பெட்டியில்தான் இருந்தது.

மூன்றாம் பாகத்தில் பணம் கைமாறியதும் ஆளை விட்டுவிடுகிறார்கள். அவ்வளவு சுலபமில்லை. 2010 செப்டம்பரில் சோமாலியக் கொள்ளையர் பிடித்த அஸ்பால்ட் வென்ச்சர் கப்பலுக்கு மறு வருஷம் ஏப்ரலில் பணம் போய்ச் சேர்ந்தது. கப்பலை விட்டார்கள், இந்திய மாலுமிகள் ஏழு பேரை மட்டும் நிறுத்திக்கொண்டார்கள். இந்தியக் கடற்படை பிடித்து வைத்திருந்த தங்கள் ஆட்களை விடச் சொன்னார்கள். அந்த ஏழு பேரும் வெளியே வந்தது 2014 அக்டோபரில். அத்தனை வருஷம் அந்த வீடுகளில் போன் அடித்தபோதெல்லாம் எப்படி இருந்திருக்கும்? அதை எழுது.

பேரம் பேசும் இடத்தையும் மாற்று. கேட்ட தொகையை உடனே ஒத்துக்கொண்டால், இன்னும் இருக்கிறது என்றுதான் எதிராளி நினைப்பான். முதலில் ஆள் உயிரோடு இருக்கிறாரா என்று பார்க்க வேண்டும். அவருக்கு மட்டுமே பதில் தெரிந்த ஒரு கேள்வி. அந்தக் கேள்வியை மனைவியே யோசிக்கட்டும். 'நம்ம கொல்லையில் இடி விழுந்த மரம் எது?' என்று கேட்கலாம். முடிவெடுக்கிறவர் போனில் பேசக் கூடாது. பேசுகிறவர் 'கேட்டுச் சொல்கிறேன்' என்றே நாளைக் கடத்த வேண்டும். தொகையை ஏற்றும்போது ஒவ்வொரு தடவையும் முன்னைவிடக் குறைவாக ஏற்ற வேண்டும். கிணறு வற்றுகிறது என்று அவனுக்குப் புரிய வேண்டும்.

இந்தப் பேரத்தை எழுதும்போது அப்பாதான் ஞாபகத்துக்கு வந்தார். குந்தாரப்பள்ளி சந்தையில் துண்டுக்கு அடியில் தரகரின் விரலைப் பிடித்து மாட்டுக்கு விலை பேசுவார். துண்டு மட்டும் லேசாக அசையும், முகத்தில் ஒன்றும் தெரியாது. கடைசியில் ஒற்றை விரலுக்காக அரை மணி நேரம் நிற்பார். வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றினால் முதுகு முழுக்க வேர்த்திருக்கும்.

அடுத்த வெள்ளிக்கிழமை ஊருக்கு வா. விடியற்காலையில் சந்தைக்குப் போவோம்.

அன்புடன்,
அண்ணன்