கையொப்பம் மட்டும் போதுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

உப்புவெளி, நிலாவெளி விடுதிகளிலும் திருகோணமலை நகர அலுவலகங்களிலும் வேலைக்குச் சேருகிறவர்களிடம் முதல் நாளே ஒழுக்கக் கோவையில் கையொப்பம் வாங்குகிறார்கள். பல இடங்களில் அது ஆங்கிலத்தில் மட்டுமே இருக்கிறது. விளங்காமல் இட்ட ஒப்பம் யாரையும் காக்காது. தமிழிலும் சிங்களத்திலும் பிரதி கொடுக்க வேண்டும்.

அதிகம் தவறு நடப்பது கொள்வனவில்தான். மீன் விநியோகிப்பவர் களஞ்சியப் பொறுப்பாளரின் வீட்டுக்கு ஒரு பெட்டி பாரை அனுப்புகிறார். அடுத்த வாரம் ஐஸோடு சேர்த்து எடை போட்ட 25 கிலோவும் மீனாகவே பதிவாகிறது. தட்டிக்கேட்கப் பொறுப்பாளருக்கு வாய் வராது. இதைத் தடுக்க அன்பளிப்புப் பதிவேடு வேண்டும்: திகதி, தந்தவர், பொருள், உத்தேசப் பெறுமதி, திருப்பி அனுப்பியதா, மேலதிகாரியின் ஒப்பம். பொருளை நிறுப்பவரும் பற்றுச்சீட்டை அங்கீகரிப்பவரும் வெவ்வேறு ஆட்களாக இருக்க வேண்டும். விலைமனுக்களைத் திறப்பவர், அவற்றைப் போட்டவர்களில் தன் உறவினர் இருப்பது தெரிந்தால், திறக்கும் முன்பே எழுத்தில் அறிவித்து அறையை விட்டு வெளியேற வேண்டும். கூட்டக் குறிப்பிலும் அது பதியப்பட வேண்டும்.

முறைப்பாட்டை நேரடி மேலதிகாரியிடம் மட்டுமே கொடுக்கலாம் என்ற விதியை மாற்றுங்கள். குற்றஞ்சாட்டப்படுபவர் அவராகவே இருக்கலாம். 2023ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டம் தனியார் துறை இலஞ்சத்தையும் குற்றமாக்கியுள்ளது. தகவல் தருவோருக்குப் பாதுகாப்பும் அளிக்கிறது. இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவின் 1954 என்ற இலக்கத்தை ஊழியர் சாப்பிடும் அறையில் ஒட்டுங்கள்.

வாசகர்,
உப்புவெளி, திருகோணமலை