தோடருக்குத் தந்தை யாரென்று தெரியும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழின் நீலகிரிக் கட்டுரையில், அம்மலையின் பழங்குடியான தோடர்களைப் பற்றி, 'அண்ணன் தம்பிகள் ஒரே பெண்ணை மணந்ததால் பிள்ளைக்குத் தந்தை யாரென்றே தோடர்களுக்குத் தெரியாது. ரிவர்ஸ் இதைக் கண்டறிந்தார்' என்று அச்சாகியிருந்தது. ரிவர்ஸ் எழுதியது இதற்கு நேர்மாறு. நீங்கள் அறியாததல்ல. உங்கள் கண்ணைத் தாண்டி இந்த வரி எப்படி வந்தது என்பதுதான் வருத்தம்.

ஆங்கிலேய மானிடவியலாளர் டபிள்யூ. ஹெச். ஆர். ரிவர்ஸ் 1901-02இல் தோடர் குடியிருப்புகளான மந்துகளில் ஆய்வு செய்தார். நூல் 1906இல் வந்தது. அதிலுள்ள வில் கொடுக்கும் சடங்கை மட்டுமாவது கட்டுரையாளர் படித்திருக்கலாம். மனைவி கருவுற்ற ஏழாம் மாதத்தை ஒட்டிக் கணவனும் மனைவியும் காட்டுக்குப் போவார்கள். மரத்தில் மாடம்போலக் குடைந்து விளக்கு வைப்பார்கள். கணவன் குச்சியை வளைத்து வில்லாக்கி, புல்லை அம்பாக வைத்து நீட்டுவான். "வில்லின் பெயர் என்ன?" என்று அவள் கேட்பாள். குலத்துக்கொரு வில்பெயர் உண்டு. அதை அவன் சொல்வான். வில்லை நெற்றியில் வைத்தெடுத்து, கையில் பிடித்தபடி அவள் விளக்கையே பார்த்திருப்பாள். வில் கொடுத்தவன்தான் தந்தை. வேறொருவன் வில் கொடுக்கும்வரை அடுத்தடுத்த பிள்ளைகளும் அவனுடையவையே, அவன் இறந்துபோயிருந்தாலும். அண்ணன் தம்பிகள் ஒரே பெண்ணை மணக்கும் முறை வழக்கொழிந்துவிட்டது. வில் இன்றும் கொடுக்கிறார்கள்.

தந்தை தெரியாத சமூகத்தில் குடிவழி, அதாவது வம்சாவளி, எழுத முடியுமா? ரிவர்ஸின் வேலை முழுக்கக் குடிவழிப் பட்டியல்களின் மேல் நிற்கிறது. 'அப்பா' என்ற சொல் பெரியப்பா, சித்தப்பாவுக்கும் பொருந்தும் இடத்தில் வெறுமனே உறவுமுறை கேட்டால் குழப்பம்தான். அதனால் பெற்ற தாயின் பெயர், தந்தையின் பெயர், மூத்தவர் முதல் இளையவர் வரை உடன்பிறந்தோர், அவர்கள் மணந்தவர், பிள்ளைகள், ஒவ்வொருவரின் குலம் என்று கேட்டு, இன்னொருவரிடம் சரிபார்க்க வேண்டும். தோடரிடம் இன்னொரு சிக்கல்: இறந்த உறவினரின் பெயரைச் சொல்வது விலக்கு. ஆகவே ஒரு குடும்பத்தின் வழியை அடுத்த குடும்பத்தாரிடம்தான் அவர் கேட்டு எழுதினார். இது தெரியாமல் நோட்டும் பேனாவுமாகப் போய் 'உன் தாத்தா பெயர் என்ன' என்பவருக்கு மௌனம்தான் கிடைக்கும். அதை அவர் 'தெரியாது' என்று எழுதிக்கொண்டு திரும்புவார்.

ரிவர்ஸிடமும் குறை உண்டு. மொழிபெயர்ப்பாளர் வழியாகவே பேசினார். மொழியைக் கற்றுப் பாடல்களைத் திரட்ட 1930களில் மொழியியலாளர் எமனோ வர வேண்டியிருந்தது.

இது முதல் தடவையும் அல்ல. முன்பொரு மலர் இதழில், தோடர் பாலைக் கடையும் புனித இல்லமான பால்மனையின் படத்தின் கீழ் 'எருமையைக் கும்பிடும் கோயில்' என்று போட்டீர்கள். அங்கே புனிதம் பாலிலும் அதைக் கையாளும் முறையிலும் இருக்கிறது. உயர்நிலைப் பால்மனையில் உள்ளறைக் கலமும் வெளியறைக் கலமும் ஒன்றையொன்று தொடக்கூடாது. நடுவில் ஒரு கலத்தின் வழியாகவே ஊற்றி மாற்றுவார்கள். முந்தின நாள் மோரே அடுத்த நாளுக்கு உறைமோர். அந்தத் தொடர்ச்சி அறுந்தால் புதிதாக உண்டாக்கத் தனிச் சடங்கு. தோடரின் தையல் போர்வையான பூத்துக்குளியை 'அச்சுப் போர்வை' என்றதும் நீங்கள்தான். இழை எண்ணி ஊசியால் போடும் அந்தச் சிவப்பு, கறுப்புத் தையலுக்கு 2013இல் புவிசார் குறியீடு கிடைத்தது.

அடுத்த இதழில் அதே பக்கத்தில், அதே எழுத்தளவில், நான்கு வரித் திருத்தம் ஒன்று போடுங்கள். பெயர் சொல்லி எழுதப்பட்ட மக்கள் அந்தப் பக்கத்தைப் படிக்கிறார்கள்.

தங்கள் வாசகர்,
உதகமண்டலம்