லீசுக்குக் குளம் எடுக்குறதுக்கு முன்னாடி

மாப்ள, எப்படி இருக்க? வேதாரண்யம் பக்கம் ரெண்டு குளம் லீசுக்கு வருது, வனாமி இறால் விடலாமான்னு கேட்டிருந்தியே, போன்ல சொன்னா அரைகுறையா போயிரும், அதான் டைப் பண்றேன்.

வெள்ளைப்புள்ளி வைரஸ் நோய் வந்தா பத்து நாள்ல குளமே காலி, அது ஊருக்கே தெரியும். இப்ப இங்க எல்லாரும் பயப்படுறது சாகடிக்காத ஒண்ணுக்கு, ஈஹெச்பி. ஒரே ஒரு செல் உள்ள ஜீவன், பூஞ்சைக்கு ஒருவகைல பங்காளி. 2009-ல தாய்லாந்துல டைகர் இறால்ல பாத்துதான் பேர் வச்சாங்க. அதோட ஸ்போர், அதாவது வித்து, ஒரு மைக்ரான் சைஸ்தான், ஆனா உள்ள ஒரு குழாயைச் சுருட்டி வச்சிருக்கும், இறால் வயித்துக்குள்ள போனதும் அது வெளிய பாஞ்சு லிவர் செல்லைக் குத்தி சரக்கை உள்ள இறக்கிடும். சொந்தமா எனர்ஜி பண்ற வசதி அதுக்குக் கிடையாது, எல்லாம் இறாலோட செல்லுல இருந்து உறிஞ்சுறதுதான்.

இறால் சாகாது, தீனி திங்கும், எடை ஏறாது. அறுபது நாள்ல வீச்சு வலை போட்டா ஒண்ணு விரல் நீளம், பக்கத்துலயே ஒண்ணு அதுல பாதி, தீனி வச்சுப் பாக்குற செக் ட்ரே மேல வெள்ளை நூல் நூலா கழிவு மிதக்கும். செத்தா நஷ்டத்தோட நிறுத்திடலாம், இதுல தீனிக்கும் கரண்டுக்கும் காசு கொட்டிக்கிட்டே இருக்கணும், கொடுமை அதான்.

செவுள்ல அழுக்கு மாதிரி ஒட்டுற ஜூதம்னியமும் ஒரு செல்தான், ஆனா அது வெளிய இருக்கு, தண்ணி மாத்தி, இறால் தோல் உரிச்சா போயிரும். ஈஹெச்பி உள்ள இருக்கு, நோய் உள்ளதோட கழிவையோ செத்ததையோ தின்னா அடுத்ததுக்கும் வந்துரும்.

அதனால கொட்டுற மருந்தை நம்பி இறங்காத. குஞ்சு பொரிச்சு விக்கிற ஹேட்சரிக்காரன் நீட்டுற ரிப்போர்ட் மட்டும் போதாது, குஞ்சை நீயே வெளிய லேப்ல குடுத்து பிசிஆர், அதாவது கிருமியோட மரபணு இருக்கான்னு பாக்குற டெஸ்ட், பண்ணு. குளத்தை நல்லா காயப்போட்டு ஹெக்டேருக்கு 6 டன் சுட்ட சுண்ணாம்பு போட்டு உழுது ஈரம் காட்டணும், மண்ணு பிஹெச் 12 தொட்டாதான் ஸ்போர் சாகும், சும்மா மேலாப்புல தூவுறது வேஸ்ட்.

லீசுக்காரர்கிட்ட போன பட்டம் எத்தனை கவுண்ட்ல, அதாவது கிலோவுக்கு எத்தனை இறால்னு, புடிச்சீங்கன்னு கேளு, 100-க்கு மேலன்னா இறால் வளரலன்னு அர்த்தம், அட்வான்ஸ் குடுக்காத. அவர் என்ன சொன்னார்னு எனக்கு எழுது. அம்மாவைக் கேட்டதா சொல்லு.